பிரிந்து வாழும் பெற்றோரின் குழந்தைக்கு ஜீவனாம்சம் எவ்வளவு? கணக்கிடும் முறை: முழுமையான வழிகாட்டி

குழந்தைப் பராமரிப்புத் தொகை எவ்வளவு என்று இணையத்தில் தேடினால் ‘கால்குலேட்டர்’ கிடைக்கும். சம்பளத்தைப் போட்டதும் ஒரு எண் வரும். அதை நம்பி வக்கீலிடம் போகாதீர்கள். அவற்றில் பல வெளிநாட்டுச் சட்டங்களுக்காகச் செய்யப்பட்டவை. உதாரணமாக, பிரிட்டனில் நிஜமாகவே சூத்திரம் உண்டு. வாரத்துக்கு 200 முதல் 800 பவுண்ட் வரை மொத்த வருமானம் உள்ளவர், ஒரு குழந்தைக்கு அதில் 12 சதவீதம், இரண்டு குழந்தைகளுக்கு 16, மூன்றோ அதற்கு மேலோ என்றால் 19 சதவீதம் கொடுக்க வேண்டும். குழந்தை அவரிடம் தங்கும் இரவுகளை எண்ணி அதில் கழிப்பார்கள்.

இந்தியாவில் எந்தச் சட்டத்திலும் இப்படி ஒரு சதவீதம் எழுதப்படவில்லை. “சம்பளத்தில் 25 சதவீதம் கிடைக்கும்” என்று பலர் சொல்லக் கேட்டிருப்பீர்கள். அது உச்ச நீதிமன்றத்தின் 2017ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றிலிருந்து வந்தது. கணவரின் நிகரச் சம்பளத்தில் 25 சதவீதத்தை மனைவிக்குத் தருவது நியாயமாக இருக்கும் என்று, 1970ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றை மேற்கோள் காட்டி அதில் சொல்லியிருந்தார்கள். அது மனைவிக்கான தொகை. குழந்தைக்கான அளவுகோல் இல்லை. அந்த வழக்கிலேயே, கணவருக்கு வேறு குடும்பமும் இருக்கிறது என்று 23,000 ரூபாயை 20,000 ஆகக் குறைத்தார்கள்.

அப்படியென்றால் தொகை எங்கிருந்து வருகிறது? நீதிபதியின் மேசைக்கு வரும் காகிதங்களிலிருந்துதான். குழந்தைக்கு என்ன செலவாகிறது, பெற்றோர் இருவருக்கும் உண்மையில் என்ன வருமானம் என்ற இரண்டையும் யார் தெளிவாகக் காட்டுகிறாரோ, தொகை அவர் சொல்வதற்குப் பக்கத்தில் போய் நிற்கும். பெரும்பாலும் அம்மாதான் மனு போடுகிறார் என்பதால் அந்தப் பக்கமிருந்தே எழுதுகிறேன். குழந்தை அப்பாவிடம் வளர்ந்தால் இதையே திருப்பிப் படித்துக்கொள்ளலாம். இந்து ஜீவனாம்சச் சட்டம் குழந்தையைக் காப்பாற்றும் கடமையை இருவர் மீதும்தான் வைத்திருக்கிறது.

படி 1: எந்தச் சட்டத்தில் கேட்பது?

எல்லா மதத்தினருக்கும் பொதுவான வழி, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அது பாரதிய நாகரிக சுரக்ஷா சன்ஹிதாவின் 144ஆம் பிரிவாகிவிட்டது. வக்கீல்கள் பேச்சில் இன்னும் “நூத்தி இருபத்தஞ்சு” என்றுதான் ஓடும், குழம்ப வேண்டாம். முன்பு இதில் மாதம் 500 ரூபாய்தான் உச்சவரம்பு என்று இருந்தது. 2001 திருத்தம் அதை எடுத்துவிட்டது. பெற்றோருக்குத் திருமணம் ஆகியிருக்க வேண்டும் என்ற நிபந்தனையும் இல்லை. குழந்தை குழந்தைதான்.

விவாகரத்து வழக்கு ஏற்கெனவே நடந்துகொண்டிருந்தால், இந்துத் திருமணச் சட்டத்தின் 26ஆம் பிரிவில் அங்கேயே குழந்தைக்கான தொகையைக் கேட்கலாம். சிறப்புத் திருமணச் சட்டத்திலும் கிறிஸ்தவர்களுக்கான விவாகரத்துச் சட்டத்திலும் இதேபோன்ற பிரிவுகள் உண்டு. அடி, மிரட்டல், வீட்டைவிட்டு விரட்டுவது என்று பிரச்சினை இருந்தால் 2005ஆம் ஆண்டு குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவு பொருத்தமானது. முஸ்லிம் பெண்களுக்கான 1986ஆம் ஆண்டுச் சட்டத்தில் குழந்தைக்கு இரண்டு வயது வரைதான் என்று எழுதியிருப்பதைக் காட்டிச் சிலர் பயமுறுத்துவார்கள். குழந்தையின் 125ஆம் பிரிவு உரிமையை அது பறிக்காது என்று உச்ச நீதிமன்றம் 1997லேயே சொல்லிவிட்டது.

வயது விஷயத்தில் கவனம் வேண்டும். 144ஆம் பிரிவில் 18 வயதோடு உரிமை முடிகிறது. உடல் அல்லது மனநலக் குறைபாட்டால் தன்னைக் காப்பாற்றிக்கொள்ள முடியாத பிள்ளைக்கு மட்டும் அது தொடரும்; மணமான மகளுக்கு இந்த விலக்கு இல்லை. மணமாகாத இந்து மகளுக்கு 1956ஆம் ஆண்டு இந்து தத்தெடுப்பு மற்றும் ஜீவனாம்சச் சட்டத்தின் 20ஆம் பிரிவில் இன்னொரு கதவு திறந்திருக்கிறது. தன் வருமானத்தில் வாழ முடியாதவரை, திருமணம் ஆகும்வரை அவர் கேட்கலாம். 2020இல் உச்ச நீதிமன்றம் இதை உறுதிப்படுத்தியது. மகனுக்கு அப்படி ஒரு கதவு இல்லை. கல்லூரிச் செலவு 18க்குப் பிறகுதான் பெரிதாகும் என்பது எல்லோருக்கும் தெரியும். சட்டம் மட்டும் அங்கே நின்றுவிடுகிறது. எனவே சமரசமாக முடியும் வழக்குகளில் மகனின் கல்லூரிச் செலவைக் கட்டாயம் எழுத்தில் வாங்குங்கள்.

படி 2: குழந்தையின் செலவுப் பட்டியல்

வழக்கின் முதுகெலும்பு இதுதான். ஆனால் பலர் இதை வக்கீல் அலுவலகத்தில் உட்கார்ந்து, ஐந்து நிமிடத்தில், வாய்க்கு வந்த எண்களாகச் சொல்லிவிடுகிறார்கள். வீட்டில் நிதானமாகப் போட வேண்டிய கணக்கு இது.

முதல் வேலை, ஆண்டுச் செலவுகளை மாதக் கணக்குக்கு மாற்றுவது. ஜூன் மாதம் கட்டும் பள்ளிக் கட்டணம், சீருடை, தீபாவளித் துணி எல்லாவற்றையும் 12ஆல் வகுக்க வேண்டும். அடுத்து, வாடகையிலும் மின்கட்டணத்திலும் குழந்தைக்கு உள்ள பங்கு. இதைத்தான் பெரும்பாலோர் மறக்கிறார்கள். குழந்தைக்கும் சேர்த்துத்தானே அந்த இரண்டு அறை வீடு? பாட்டி வீட்டில் இருந்தால் வாடகை காட்ட முடியாது. வீட்டுச் செலவுக்கு நீங்கள் கொடுப்பதைக் காட்டலாம்.

ஒரு கற்பனை உதாரணம். கோயம்புத்தூரில் அம்மாவும் ஒன்பது வயது மகளும் வாடகை வீட்டில் இருக்கிறார்கள் என்று வையுங்கள். பள்ளிக் கட்டணம் ஆண்டுக்கு 60,000, அதாவது மாதம் 5,000. புத்தகம், சீருடை 750. வேன் 1,500. டியூஷன், பாட்டு வகுப்பு 1,800. சாப்பாடு, பால், பழம் 4,500. துணிமணி 1,000. மருத்துவம், காப்பீடு 1,200. வாடகை 9,000இல் பாதி 4,500. மின்சாரம், கேஸில் பங்கு 750. பிறந்தநாள், வெளியே போவது, மற்றவை 1,000. கூட்டினால் மாதம் 22,000.

இதில் நீதிமன்றம் எதில் கைவைக்கும்? சாப்பாடு, உடை, இருப்பிடம், மருத்துவம், கல்வி ஆகியவற்றைக் குழந்தைக்கான தொகையில் சேர்க்க வேண்டும் என்றும், தனி வகுப்புகளையும் பார்க்க வேண்டும் என்றும் 2020 நவம்பர் 4 அன்று உச்ச நீதிமன்றம் ரஜ்னேஷ் – நேஹா வழக்கில் சொல்லியிருக்கிறது. கூடவே, பாடம் சாராத வகுப்புகளுக்கான தொகை நியாயமாக இருக்க வேண்டும், ஆடம்பரமாகக் கூடாது என்றும் சொல்லியிருக்கிறது. பிரிவதற்கு முன்பே குழந்தை போய்க்கொண்டிருந்த வகுப்பு என்றால் எதிர்ப்பக்கம் பெரிதாக வாதாட முடியாது. வழக்குக்குப் பிறகு திடீரென்று சேர்த்த குதிரையேற்றத்துக்குக் கேள்வி வரும்.

ஒவ்வொரு வரிக்கும் ஒரு ரசீது வையுங்கள். பள்ளி ரசீது, ஜிபே பதிவு, வாடகை ஒப்பந்தம், மருந்துக்கடைச் சீட்டு எதுவானாலும் சரி. மளிகைக்கு எல்லா ரசீதும் இருக்காது, யாரும் எதிர்பார்ப்பதும் இல்லை. எண்ணைப் பெருக்கிக் காட்டாதீர்கள். குறுக்கு விசாரணையில் ஒரு எண் பொய்யானால், மற்ற உண்மையான எண்களும் சேர்ந்து அடிபடும்.

படி 3: அப்பாவின் உண்மையான வருமானம்

சம்பளக்காரர் என்றால் பே சிலிப்பைப் பிரித்துப் படிக்கத் தெரிய வேண்டும். “எனக்குக் கைக்கு வருவதே 48,000 தான்” என்பார். சிலிப்பைப் பாருங்கள். மொத்தச் சம்பளம் 67,500. அதில் கட்டாயப் பிடித்தம், அதாவது பி.எஃப்., தொழில் வரி போன்றவை, 4,500. மீதி 63,000. அதற்குப் பிறகு சொசைட்டிக் கடன், தானாக விரும்பிக் கூட்டிக்கொண்ட பி.எஃப். என்று 15,000 போகிறது. நீதிமன்றங்கள் பொதுவாகக் கழிக்க அனுமதிப்பது கட்டாயப் பிடித்தங்களையும் வருமான வரியையும்தான். விரும்பிச் சேமிப்பதும், வழக்கு வந்தபின் வாங்கிய கடனின் தவணையும் குழந்தையின் பங்கைக் குறைக்கக் காரணமாகாது. ஆக, கணக்கில் வரவேண்டிய எண் 63,000.

இதில் அப்பாக்களுக்கும் நியாயமான வாதங்கள் உண்டு. வயதான பெற்றோரைப் பார்த்துக்கொள்கிறார், தங்கையின் படிப்புச் செலவு இவர் தலையில், அவருக்கே நீண்டகால நோய் என்றால் அதற்கான ஆதாரத்தோடு சொன்னால் நீதிமன்றம் கேட்கும். பிரிந்து வாழும் அம்மாவும் குழந்தையும் இருக்கும் அதே வீட்டுக்கான கடனை அவர்தான் கட்டுகிறார் என்றால் அதற்கும் எடை உண்டு.

கஷ்டம் சொந்தத் தொழில் செய்பவர்களிடம்தான். வருமான வரிக் கணக்கில் ஆண்டுக்கு நான்கு லட்சம் காட்டிவிட்டு இரண்டு கார் வைத்திருப்பார். அங்கே வருமானத்தை நேரடியாகக் காட்ட முடியாது. வாழ்க்கைத் தரத்தை வைத்துத்தான் காட்ட முடியும். வண்டிகளின் ஆர்.சி., கடையின் ஜி.எஸ்.டி. பதிவு, கிரெடிட் கார்டு செலவு, வாடகைக்கு விட்ட கடைகள், குழந்தையை முன்பு எந்தப் பள்ளியில் சேர்த்திருந்தார் என்பதெல்லாம் சாட்சி. நிலம் இருந்தால் பட்டா, சிட்டா எடுங்கள். கிராமமும் சர்வே எண்ணும் தெரிந்தால், தமிழ்நாடு பத்திரப்பதிவுத் துறையின் இணையதளத்திலேயே வில்லங்கம் பார்க்கலாம். வங்கிக் கணக்கு விவரம், சம்பளச் சான்று போன்றவற்றை நீங்களே வாங்க முடியாது. நிறுவனத்திடமிருந்து வரவழைக்கச் சொல்லி நீதிமன்றத்தில் மனு போட வேண்டும்.

“வேலையே இல்லை” என்று கைவிரிப்பவர்களும் உண்டு. வழக்கு வந்ததும் வேலையை விடுவது பழைய தந்திரம். உடல் நலத்தோடு இருப்பவர் கூலி வேலை செய்தாவது மனைவி, குழந்தைகளைக் காப்பாற்றக் கடமைப்பட்டவர் என்று உச்ச நீதிமன்றம் 2022இல் திட்டவட்டமாகச் சொன்னது. அவருடைய படிப்பும் முந்தைய சம்பளமும் தெரிந்தால், அவர் சம்பாதிக்கக்கூடியது எவ்வளவு என்று நீதிபதி மதிப்பிட்டுக்கொள்வார்.

படி 4: சொத்து, கடன் பிரமாணப் பத்திரம்

2020 ரஜ்னேஷ் – நேஹா தீர்ப்புக்குப் பிறகு நாடு முழுக்க ஜீவனாம்ச வழக்குகளில் இருவருமே வருமானம், சொத்து, கடன், செலவு எல்லாவற்றையும் ஒரு பிரமாணப் பத்திரத்தில் வெளியிட வேண்டும். படிவம் தீர்ப்பின் பின்னிணைப்பில் இருக்கிறது. விவசாயக் குடும்பங்களுக்குத் தனிப் படிவம், மற்றவர்களுக்குத் தனி, மேகாலயாவுக்கு இன்னொன்று. மனுவோடு உங்களுடையதைப் போட்டுவிட வேண்டும். எதிர்மனுதாரருக்கு நான்கு வாரம். அதற்கு மேல் இரண்டு வாய்தாக்கள்தான் தரலாம். அப்புறமும் இழுத்தால் அவருடைய வாதத்தையே நீக்கிவிடவோ, இருக்கும் காகிதங்களை வைத்து முடிவெடுக்கவோ நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. நடைமுறையில் வாய்தா இதைவிட நீளும். நீளும்போது இந்தத் தீர்ப்பைச் சுட்டிக்காட்டச் சொல்லுங்கள். வக்கீல் சொல்லத் தயங்கினால் நீங்கள் நினைவூட்டுங்கள்.

உங்கள் வருமானத்தையும் மறைக்காதீர்கள். தையல், டியூஷன், வீட்டிலிருந்து செய்யும் சிறு வியாபாரம் எதுவாக இருந்தாலும் எழுதிவிடுங்கள். பிரமாணப் பத்திரத்தில் பொய் சொன்னால் பொய்ச்சாட்சிக்கான நடவடிக்கை வரலாம். அதைவிட, வழக்கில் உங்கள் மேல் இருந்த நம்பிக்கை போய்விடும்.

படி 5: யாருக்கு எவ்வளவு பங்கு?

இருவரும் சம்பாதித்தால் குழந்தையின் செலவை வருமான விகிதத்தில் பிரிப்பதுதான் நியாயமான வழி. 2000ஆம் ஆண்டு வழக்கொன்றில், வேலை பார்க்கும் பெற்றோர் இருவருக்கும் 2:1 என்ற விகிதத்தில் குழந்தைச் செலவை உச்ச நீதிமன்றம் பிரித்தது. கல்விச் செலவைப் பொதுவாக அப்பா ஏற்க வேண்டும், அம்மாவுக்குப் போதிய வருமானம் இருந்தால் விகிதப்படி பகிரலாம் என்று 2020 தீர்ப்பும் சொல்கிறது.

நம் உதாரணத்துக்கு வருவோம். மகளின் செலவு 22,000 என்று காட்டினீர்கள். நீதிமன்றம் சிலவற்றைக் குறைத்து 20,000 என்று ஏற்றது. அப்பாவுக்கு 63,000, அம்மாவுக்கு 21,000. விகிதம் 3:1. அப்பா 15,000 தர வேண்டும், மீதி 5,000 அம்மாவின் பங்கு. குழந்தையைத் தினமும் பார்த்துக்கொள்ளும் உழைப்புக்கு இந்தக் கணக்கில் விலை போடப்படவில்லை. இதை வாதத்தில் எடுத்துச் சொல்லலாம், சொல்லவும் வேண்டும். காலையில் பள்ளி, மாலையில் வீட்டுப்பாடம், காய்ச்சல் என்றால் விடுப்பு எல்லாம் அம்மாவின் தலையில்தானே?

அம்மாவுக்கு வருமானமே இல்லை என்றால், டெல்லி உயர் நீதிமன்றம் 2004இல் காட்டிய வழியைப் பல வழக்குகளில் எடுத்துக்காட்டுகிறார்கள். குடும்ப வருமானத்தை ஒரு கேக்காக வைத்து, சம்பாதிப்பவருக்குக் கூடுதல் செலவு இருக்கும் என்பதால் இரண்டு துண்டு, மற்றவர்களுக்கு ஆளுக்கு ஒரு துண்டு. 63,000ஐ நான்கால் வகுத்தால் துண்டு 15,750. அம்மாவுக்கும் மகளுக்கும் சேர்த்து 31,500. தமிழ்நாட்டு நீதிமன்றங்களை இது கட்டுப்படுத்தாது. ஆனாலும் நீங்கள் கேட்கும் தொகை ரொம்பக் குறைவா, கூடுதலா என்று சரிபார்க்க நல்ல அளவுகோல். என் கருத்தில், இரண்டு முறையிலும் போட்டுப் பார்த்து, இரண்டும் எங்கே நெருங்குகின்றனவோ அங்கே உங்கள் கோரிக்கையை வைப்பது புத்திசாலித்தனம்.

மனைவிக்கான தொகையையும் குழந்தைக்கான தொகையையும் மனுவில் தனித்தனியாகக் கேளுங்கள். “எங்கள் இருவருக்கும் 30,000” என்று மொத்தமாகக் கேட்டால், நாளை உங்களுக்கு வேலை கிடைத்ததும் மொத்தத்தையும் குறைக்கச் சொல்லி அவர் வருவார்.

படி 6: இடைக்காலத் தொகை, பிறகு நிலுவை

இறுதித் தீர்ப்புக்கு ஆண்டுக்கணக்கில் ஆகலாம். எனவே முதல் நாளே இடைக்கால மனுவையும் சேர்த்துப் போட வேண்டும். எதிர்மனுதாரருக்கு நோட்டீஸ் கிடைத்த நாளிலிருந்து 60 நாளுக்குள் இயன்றவரை முடிக்க வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. 2020 தீர்ப்பு நான்கிலிருந்து ஆறு மாதம் என்று யதார்த்தமாகச் சொல்கிறது.

இன்னொரு முக்கியமான விஷயம், தொகை எந்தத் தேதியிலிருந்து ஓடும் என்பது. மனு போட்ட நாளிலிருந்து. தீர்ப்பு நாளிலிருந்து இல்லை. இடைக்காலமாக 8,000 வந்துகொண்டிருந்தது, 14 மாதம் கழித்து 15,000 என்று தீர்ப்பானது என்றால், வித்தியாசம் 7,000ஐ 14ஆல் பெருக்க 98,000 ரூபாய் நிலுவையாக வர வேண்டும். தீர்ப்பில் தேதி தெளிவாக எழுதப்பட்டிருக்கிறதா என்று நகல் வாங்கியதும் பாருங்கள்.

இரண்டு நீதிமன்றங்களில் இரண்டு தொகை வந்தால் அவை தானாகக் கூடிவிடாது. குடும்ப வன்முறை வழக்கில் 6,000, குடும்ப நல நீதிமன்றத்தில் 10,000 என்றால், முதல் தொகையைக் கழித்துக்கொள்ள இரண்டாவது நீதிமன்றம் அனுமதிக்கலாம். முந்தைய உத்தரவை மறைக்காமல் சொல்ல வேண்டியது உங்கள் கடமை.

படி 7: சமரசமாகப் போனால்

மத்தியஸ்த மையத்தில் பேசி முடிப்பது பல சமயம் நல்லது. ஆனால் “இவ்வளவு லட்சம் வாங்கிக்கொண்டேன், குழந்தைக்கு இனி எதுவும் கேட்க மாட்டேன்” என்று எழுதித்தரச் சொன்னால் கையெழுத்துப் போடாதீர்கள். அந்த உரிமை குழந்தையுடையது. அம்மா அதை விட்டுக்கொடுத்ததாக எழுதினாலும் குழந்தையைக் கட்டுப்படுத்தாது. எதற்கு வீண் சிக்கல்?

ஒப்பந்தத்தில் என்ன வேண்டும்? மாதத் தொகை, எந்தத் தேதிக்குள், எந்தக் கணக்கில். பள்ளிக் கட்டணத்தை அப்பா நேரடியாகப் பள்ளிக்கே கட்டுவதாக இருந்தால் அது மாதத் தொகையில் கழியுமா, தனியா என்பது. மருத்துவமனைச் செலவு போன்ற திடீர்ச் செலவுகளில் யாருக்கு எவ்வளவு சதவீதம். அப்புறம், ஆண்டுக்கு ஆண்டு எவ்வளவு உயரும் என்பது. 2025இல் ஒரு வழக்கில் மனைவிக்கான தொகை இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை 5 சதவீதம் உயர வேண்டும் என்று உச்ச நீதிமன்றமே எழுதியது. பள்ளிக் கட்டணம் அதைவிட வேகமாக ஏறும் என்பதால் குழந்தைக்கு அதற்கு மேல் கேட்பதில் தவறே இல்லை.

அப்பாக்களுக்கு ஒரு வார்த்தை: பணமாகக் கையில் கொடுக்காதீர்கள். சைக்கிள் வாங்கிக் கொடுத்தது, செருப்பு வாங்கிக் கொடுத்தது எல்லாம் அன்பு. நீதிமன்றக் கணக்கில் ஜீவனாம்சம் ஆகாது. வங்கி மூலம் போட்டால் பின்னால் தகராறு இல்லை. குழந்தையைப் பார்க்க விடவில்லை என்பதற்காகத் தொகையை நிறுத்தவும் கூடாது. அதற்குத் தனி மனு போட வேண்டும்.

படி 8: கொடுக்காவிட்டால்

144ஆம் பிரிவில் நிறைவேற்று மனு போட்டால், அபராதத் தொகையை வசூலிப்பதுபோல் ஜப்தி வாரண்ட் போகும். அப்படியும் கட்டவில்லை என்றால் ஒவ்வொரு மாத நிலுவைக்கும் ஒரு மாதம் வரை சிறை. சிறைக்குப் போய்வந்தால் கடன் தீர்ந்துவிடாது என்று 1988லேயே உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்திவிட்டது. இங்கே ஒரு காலக்கெடுவை மட்டும் தவறவிடக் கூடாது. தொகை செலுத்த வேண்டிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் வாரண்ட் கேட்க வேண்டும். “எப்படியும் கொடுப்பார்” என்று இரண்டு வருடம் காத்திருந்தால் பழைய மாதங்களுக்கு இந்த வழி அடைபட்டுவிடும்.

சம்பளக்காரரிடம் சிறையைவிடச் சம்பளத்தில் கை வைப்பதுதான் பலன் தரும். ஜீவனாம்சத் தீர்ப்பை நிறைவேற்றும்போது சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்குக்குத்தான் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60ஆம் பிரிவு பாதுகாப்புத் தருகிறது. மற்ற கடன்களுக்கு இருக்கும் அளவு சலுகை இதற்கு இல்லை. குடும்ப வன்முறைச் சட்டத்தில், அவருடைய நிறுவனமே நேரடியாக உங்கள் கணக்கில் போடும்படி உத்தரவு கேட்கலாம்.

வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. தேசிய உதவி எண் 15100. நீங்கள் இப்போது இருக்கும் ஊரிலேயே 144 மனு போடலாம். கல்யாணம் நடந்த ஊருக்கு ஓட வேண்டியதில்லை.

படி 9: தொகையை மாற்றுவது

குழந்தை ஐந்தாம் வகுப்பில் இருந்தபோது போட்ட தொகை பதினொன்றாம் வகுப்புக்குப் போதாது. சன்ஹிதாவின் 146ஆம் பிரிவில், சூழ்நிலை மாறியதைக் காட்டித் தொகையைக் கூட்டவோ குறைக்கவோ கேட்கலாம். பழைய செலவுப் பட்டியலையும் புதியதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினால் வேலை பாதி முடிந்தது. அதனால்தான் முதல் பட்டியலின் நகலைப் பத்திரமாக வைத்திருக்கச் சொல்வேன். அவருக்குச் சம்பள உயர்வோ, பதவி உயர்வோ, வெளிநாட்டு வேலையோ கிடைத்திருந்தால் அதுவும் காரணம்.

அப்பாவுக்கு வேலை போனாலோ பெரிய நோய் வந்தாலோ, அவருக்கும் இதே பிரிவுதான். பலர் மனு போடாமல், தாமாகவே பாதித் தொகை அனுப்ப ஆரம்பித்துவிடுகிறார்கள். பழைய உத்தரவு மாற்றப்படும்வரை முழுத் தொகையும் ஏறிக்கொண்டே இருக்கும். வேலை போன மாதமே, பணிநீக்கக் கடிதத்தோடு மனு போட்டுவிட வேண்டும்.